முடிவுப் பக்கங்கள் கிழிந்த கதைகள்: வளைகுடா தந்த ஒரு மர்ம நாவலாசிரியர்

2010 ஆம் ஆண்டின் பிற்பகுதியில் தாயகம் நீங்கிய எமக்கு, அடுத்த பயணத்துக்கான வழி திறக்கும்வரை அபுதாபியை அடுத்த முசஃபாவிலே சில மாதங்கள் தங்க நேர்ந்தது. அடுக்குக் கட்டில்கள் நிறைந்த ஓர் அறையில் பன்னிருவர் இருந்தோம். தஞ்சாவூர், இராமநாதபுரம், கொல்லம், மட்டக்களப்பு என ஊர்கள் வெவ்வேறு. வேலை முடிந்து களைத்து வந்து கட்டிலிற் சாயும் நேரம் மட்டும் எல்லோருக்கும் ஒன்று. தலையணைகளின் கீழே தமிழகத்துப் பாக்கெட் நாவல்கள் கிடந்தன. ராஜேஷ்குமார், பட்டுக்கோட்டை பிரபாகர், சுபா முதலியோர் எழுதியவை. கைமாறிக் கைமாறி அட்டைகள் கழன்றுபோக, பலவற்றின் இறுதிப் பக்கங்களும் உடன் போய்விட்டிருந்தன.

வெள்ளிக்கிழமைப் பிற்பகல்களில் அறைவாசிகள் கூடி, கொலையாளி யார் என்று தாமே வாதாடி முடிவு கட்டுவார்கள். "சார், நீங்க காலேஜுல பாடம் எடுத்தவங்க, தீர்ப்பை நீங்களே சொல்லுங்க" என்று தஞ்சாவூர்த் தம்பிமார் கேட்பார்கள். நாமும் நடுவராக இருந்து ஏதோ ஒரு தீர்ப்பை வழங்குவோம். அந்த வாதங்களில் ஒருபோதும் கலந்துகொள்ளாத ஒருவர் இருந்தார். மட்டக்களப்பைச் சேர்ந்தவர், எம்மிலும் மூத்தவர். ஒருநாள் அவர் மெல்லச் சொன்னார்: "சேர், கதையில செத்தவன் செத்திட்டான் எண்டாவது எழுதி இருக்கு. எண்ட தம்பிக்கு அதுவும் இல்ல." 1990 இல் விசாரணைக்கென்று அழைத்துச் செல்லப்பட்ட தம்பியைப் பற்றியே அவர் பேசினார்.

மர்ம நாவலைப் பொழுதுபோக்கு எழுத்தென்று வகுப்பறையில் ஒதுக்கிப் பேசிய எமக்கு, அந்த வாக்கியத்தின் கனம் உடனே விளங்கவில்லை. சில ஆண்டுகள் கழித்துப் பென்யாமின் எழுதிய 'மஞ்ஞவெயில் மரணங்கள்' என்ற மலையாள நாவலை ஆங்கில மொழிபெயர்ப்பிற் படித்தபோதுதான் விளங்கியது.

பென்யாமின் என்பது புனைபெயர். இயற்பெயர் பென்னி டானியல். கேரளத்தின் பத்தனம்திட்டை மாவட்டத்துக் குளநடையைச் சேர்ந்தவர்; 1971 இற் பிறந்தவர். 1992 இல் பஹ்ரைனுக்குத் தொழில் தேடிச் சென்று, 2013 வரை இருபத்தொரு ஆண்டுகள் அங்கே வாழ்ந்தார். 2000 ஆம் ஆண்டிலே 'யூத்தனேசியா' என்ற சிறுகதைத் தொகுதி வெளிவந்தது. 2008 இல் வெளிவந்த 'ஆடுஜீவிதம்' அவரைப் புகழின் உச்சிக்கு உயர்த்தியது. சவூதி அரேபியப் பாலைவனத்தில் ஆட்டுப்பட்டியொன்றில் அடிமைபோல அடைபட்ட நஜீப் என்ற தொழிலாளியின் கதை அது. கேரள சாகித்திய அகாதமி விருது அதற்குக் கிடைத்தது. 2024 இல் அது திரைப்படமாகவும் வந்தது. சவூதி அரேபியாவிலும் ஐக்கிய அரபு அமீரகத்திலும் அந்நாவலுக்குத் தடை விதிக்கப்பட்டதாகச் செய்திகள் வெளிவந்தன.

உலகம் அவரை 'ஆடுஜீவிதம்' எழுதியவர் என்றே அறியும். ஆயினும் அதன்பின் அவர் நாடிய வடிவம் மர்ம நாவலின் வடிவம் என்பதையே இங்கு எடுத்துரைக்க விரும்புகின்றோம். 2011 இல் 'மஞ்ஞவெயில் மரணங்கள்' வந்தது. அதையடுத்து 2014 இல் 'அல் அரேபியன் நாவல் ஃபாக்டரி', 'முல்லப்பூ நிறமுள்ள பகலுகள்' என்ற இரட்டை நாவல்கள் வந்தன. மூன்றிலும் தேடல் உண்டு, மறைக்கப்பட்ட குற்றம் உண்டு, காணாமற்போன பிரதி உண்டு. தேர்ந்த துப்பறிவாளர் ஒருவர் மாத்திரம் இல்லை.

இதன் பொருளை உணர, மேலைத்தேய மரபைச் சற்று நோக்குதல் வேண்டும். ஆர்தர் கொனன் டொயில், அகதா கிறிஸ்டி ஆகியோர் வளர்த்த அம்மரபில் கொலை என்பது ஒழுங்கான சமூகத்தில் விழுந்த ஒரு கிழிசல். துப்பறிவாளர் அதைத் தைத்து முடிக்கின்றார். அம்மரபின் அண்மைக்காலப் பேராசான்களுள் ஒருவரான பி. டி. ஜேம்ஸ் அம்மையார், 1962 இல் தமது முதல் நாவலை வெளியிட்டவர். 1968 முதல் 1979 வரை பிரித்தானிய உள்துறை அமைச்சிற் பணியாற்றியவர். 1991 இற் பிரபுக்கள் சபைக்கு நியமனம் பெற்றவர். 2014 இற் காலமானவர். அவர் படைத்த ஆடம் டால்கிளீஷ், கவிதையும் எழுதுகின்ற ஸ்கொட்லண்ட் யார்ட் அதிகாரி. அம்மையாரின் கதைகளில் துயரம் உண்டு, ஐயம் உண்டு. ஆனால் கொலை நடந்தது என்பதையே அரசு மறுத்துவிடும் என்ற அச்சம் அவருடைய வாசகருக்கு எழ வேண்டியதில்லை. பிரேத பரிசோதனை நடக்கும், கோப்பு திறக்கப்படும், ஒருவர் விசாரிக்க வருவார்.

பஹ்ரைனில் வேலை அனுமதிச் சீட்டோடு வாழ்ந்த ஒரு குடியேறிக்கு அந்த நம்பிக்கை எங்கிருந்து வரும்? 'மஞ்ஞவெயில் மரணங்கள்' நாவலில், கிறிஸ்டி அந்திரப்பேர் என்ற இளம் எழுத்தாளர் டியாகோ கார்சியாத் தீவின் உணவுச்சாலையொன்றில் இருக்கையில், அவர் கண்முன்னே ஓர் இளைஞர் சுட்டுக் கொல்லப்படுகின்றார். இறந்தவர் தன்னோடு ஒரே வகுப்பிற் படித்த செந்தில் என்பது பின்னர் தெரியவருகின்றது. ஆனால் அப்படியொரு கொலை நடந்ததை எவரும் ஒப்புக்கொள்வதாயில்லை. தான் கண்டது உண்மைதான் என்பதை நிறுவ கிறிஸ்டி அலைகின்றார். தேடலை எழுதிவைத்து, கைப்பிரதியைப் பகுதி பகுதியாகப் பிரித்து வெவ்வேறு நண்பர்களுக்கு அனுப்புகின்றார். பின் அவரையே காணவில்லை. முதற்பகுதி பென்யாமின் என்ற எழுத்தாளருக்கு வந்து சேர்கின்றது. ஆம், நாவலாசிரியரே நாவலில் ஒரு பாத்திரம். தம் நண்பர் குழாத்துடன் அவர் மிகுதிப் பகுதிகளைத் தேடிப் புறப்படுகின்றார்.

மரபான நாவல் 'யார் கொன்றார்?' என்று கேட்கும். இந்த நாவலோ 'கொலை நடந்தது என்றாவது ஒப்புக்கொள்வீர்களா?' என்று கேட்கின்றது. முசஃபா அறையில் மட்டக்களப்பு அண்ணர் கேட்டதும் இதையேதான்.

அந்நாவல் வெளியான 2011 இன் நிகழ்வுகளையும் மறந்துவிடலாகாது. அவ்வாண்டு பெப்ரவரி 14 அன்று பஹ்ரைனில் மக்கள் போராட்டம் தொடங்கியது. தலைநகர் மனாமாவின் முத்துச் சதுக்கம் அதன் மையமாயிற்று. மார்ச் நடுப்பகுதியிலே சவூதிப் படைகள் வந்திறங்கின, போராட்டம் ஒடுக்கப்பட்டது. மார்ச் 18 அன்று சதுக்கத்தின் நடுவே நின்ற முத்து நினைவுத்தூண் இடித்துத் தள்ளப்பட்டது. மக்களைக் கலைத்ததோடு நில்லாது, அவர்கள் கூடிய இடத்தின் அடையாளத்தையும் அழித்தார்கள். இத்தனையும் நடந்தபோது பென்யாமின் அந்நாட்டில் வாழ்ந்துகொண்டிருந்தார்.

இரட்டை நாவல்கள் இந்த அனுபவத்தின் பின் வந்தவை. 'முல்லப்பூ நிறமுள்ள பகலுகள்' சமீரா பர்வீன் என்ற பாகிஸ்தானிய வானொலி அறிவிப்பாளரின் தன்வரலாறாக அமைகின்றது. பெயர் குறிக்கப்படாத அரபு நகரொன்றிற் கிளர்ச்சி வெடிக்க, உறவுக்கும் நட்புக்கும் இடையே அவள் அகப்படுகின்றாள். மற்றைய நாவலில், பிரதாப் என்ற பத்திரிகையாளர் ஒரு நாவலாசிரியருக்காகத் தகவல் திரட்ட அதே நகருக்கு வருகின்றார். சமீரா எழுதிய நூல் ஒன்று இருப்பதை அறிந்து தேடுகின்றார். அதன் பெயரைச் சொன்னதும் எல்லோரும் வாய்மூடிக்கொள்கின்றனர். ஒரு நூலே இங்கு காணாமற்போனவராகின்றது. முதல் நாவலின் ஆங்கில மொழிபெயர்ப்பு, 2018 இல் முதன்முறையாக வழங்கப்பட்ட ஜேசிபி இலக்கியப் பரிசைப் பெற்றது.

குறை சொல்லாமல் விடுவதும் நேர்மையாகாது. நகரின் பெயரைச் சொல்லாமை அவருக்குப் பாதுகாப்பளித்திருக்கலாம். எனினும் பெயரோடு பதியப்பட வேண்டிய குற்றங்கள் அதனாற் பொதுமைப்பட்டு மங்குகின்றன. டியாகோ கார்சியா விடயம் இதனிலும் பெரிது. நாவலின் தீவு கற்பனையால் நிரம்பியது. மெய்யான தீவின் கதை எந்த மர்ம நாவலிலும் கொடியது. 1965 இற் பிரித்தானியா சாகோஸ் தீவுகளை மொரீசியசிலிருந்து பிரித்தெடுத்தது. அமெரிக்கப் படைத்தளத்துக்கு இடமளிப்பதற்காக, 1968 இற்கும் 1973 இற்கும் இடையில் அத்தீவுகளின் பூர்வீக மக்கள் அனைவரும் வெளியேற்றப்பட்டனர். அங்கே நிலையான குடிகளே இருந்ததில்லை என்பது போல உலகுக்குக் காட்டப்பட்டது. இல்லாத குடிகளைப் படைத்த நாவலாசிரியர், இருந்த குடிகளை நினைக்க மேலும் சில பக்கங்களை ஒதுக்கியிருக்கலாம் என்பது எமது ஆதங்கம்.

நாவல் வெளிவந்து பத்தாண்டு கழித்து, அத்தீவின் கதையில் எம்மவரும் பாத்திரங்களாயினர். 2021 ஒக்டோபர் 3 அன்று, கனடாவை நோக்கிச் சென்ற 89 ஈழத்தமிழரைக் கொண்ட மீன்பிடிப் படகொன்று நடுக்கடலில் இடருற்று டியாகோ கார்சியாவுக்குக் கொண்டுவரப்பட்டது. கூடாரங்களில், வேலியடைப்புக்குள், மூன்றாண்டுகளுக்கு மேல் அவர்களிற் பலர் காத்திருந்தனர். 2024 டிசம்பரில் பெரும்பாலானோர் பிரித்தானியாவுக்கு அழைத்து வரப்பட்டனர். அவர்கள் சட்டவிரோதமாகத் தடுத்து வைக்கப்பட்டிருந்தனர் என்று அதே மாதம் அப்பிரதேசத்துக்கான நீதிமன்றம் தீர்ப்பளித்தது. பிள்ளைகளும் அடங்கிய ஒரு கூட்டம் மூன்றாண்டுகளாக ஒரு தீவில் அடைபட்டிருந்தும், உலகத்தில் அறிந்தோர் எத்தனை பேர்?

இலங்கையைக் களமாகக் கொண்டும் இவ்வகை நாவல் தோன்றிவிட்டது. ஷெஹான் கருணாதிலக்கவின் ஆங்கில நாவலொன்று 2022 இற் புக்கர் பரிசு பெற்றது. அதில், 1990 ஆம் ஆண்டுக் கொழும்பிற் கொல்லப்பட்ட புகைப்படக் கலைஞர் ஒருவர், தம்மைக் கொன்றவர் யாரென்று தாமே ஆவியாக நின்று தேடுகின்றார். உயிரோடிருப்போர் விசாரிக்க மறுத்தால் செத்தவர்தானே விசாரிக்க வேண்டும்! 2013 இல் நியமிக்கப்பட்ட பரணகம ஆணைக்குழுவிடம் காணாமற்போனோர் குறித்து 20,000 இற்கும் மேற்பட்ட முறைப்பாடுகள் கையளிக்கப்பட்டன. 2017 பெப்ரவரி 20 அன்று கிளிநொச்சியில் வீதியோரம் அமர்ந்த தாய்மார், பிள்ளைகளின் படங்களை ஏந்தி ஆண்டுக்கணக்கிற் போராடினர். அவர்களிற் பலர் விடை காணாமலே கண்மூடிவிட்டனர்.

நாவலால் நீதி கிடைக்காது. அதை நாம் அறிவோம். ஆனால் கிறிஸ்டி அந்திரப்பேர் செய்த ஒரு காரியத்தை எவராலும் செய்ய முடியும். கண்டதை எழுதி, ஒரே இடத்தில் வைக்காமல், நம்பிக்கையானவர் பலரிடம் பகிர்ந்து வைத்தல். ஒரு பகுதி அழிந்தாலும் மற்றவை எங்கோ இருக்கும். பென்யாமின் தொழில் பார்த்த அதே வளைகுடாவில் எமது பிள்ளைகள் பெருந்தொகையினர் உழைக்கின்றனர். அவர்களின் கைப்பேசிகளிலும் நாட்குறிப்புகளிலும் என்னென்ன சாட்சியங்கள் உறங்குகின்றனவோ!

முசஃபாவை விட்டு நாம் புறப்பட்ட நாளில், மட்டக்களப்பு அண்ணர் ஒரு பயிற்சிக் கொப்பியை எடுத்துக் காட்டினார். தம்பியைக் கொண்டுபோன நாள், நேரம், வாகனத்தின் நிறம், அவன் அணிந்திருந்த சேட்டு ஆகிய அனைத்தையும் வரிசையாக எழுதியிருந்தார். "இதில ஒரு பிரதி உங்களிட்டயும் கிடக்கட்டும், சேர்" என்றார். அப்பிரதி இன்றும் எம்மிடம் இருக்கின்றது. அதன் முடிவுப் பக்கத்தை எவரும் கிழிக்கவில்லை. அது இன்னும் எழுதப்படவேயில்லை.