இல்லாத கையில் எழும் வலி

துன்பங்களுள் கொடியது பிறர் நம்ப மறுக்கும் துன்பமாகும். விபத்தினாலோ நீரிழிவினாலோ கைகால் அகற்றப்பெற்றோருள் பெரும்பாலோர், அவ்வுறுப்பு இன்னும் இருப்பதாகவே உணர்கின்றனர். இல்லாத காலின் விரல்கள் எரிகின்றன. இல்லாத கையின் நகங்கள் உள்ளங்கையில் குத்துகின்றன. கேட்போரோ ‘மனப்பிரமை’ என்று ஒதுக்குவர்; தாயத்துத் தேடுவோரும் உளர்.

இந்நோய் புதிதன்று. 16ஆம் நூற்றாண்டிலேயே பிரெஞ்சு அறுவை மருத்துவர் அம்புரோசு பாரே இதனைக் குறித்துள்ளார். அமெரிக்க உள்நாட்டுப் போரில் உறுப்பிழந்த வீரர்களை ஆராய்ந்த வெயர் மிட்செல், 1871இல் இதனை ‘மாய உறுப்பு’ என அழைத்தார்.

உறுப்பே இல்லாதபோது வலி எங்ஙனம் எழும்? நம் உடலின் வரைபடம் ஒன்று மூளைப் புறணியில் அமைந்துள்ளது. அதில் கைக்குரிய பகுதியை அடுத்தே முகத்துக்குரிய பகுதி உள்ளது. சென்னை ஸ்டான்லி மருத்துவக் கல்லூரியில் பயின்று, சான் டியாகோவிலுள்ள கலிபோர்னியப் பல்கலைக்கழகத்தில் பணியாற்றிய தமிழர் வி.எஸ். இராமச்சந்திரன், 1990களில் கையிழந்த இளைஞர் ஒருவரின் கன்னத்தைப் பஞ்சினால் தொட்டார். இளைஞரோ, இழந்த கையின் விரல்களிலும் அத்தொடுகையை உணர்ந்தார்! கைப்பகுதியை அண்டைப் பகுதி கவர்ந்துகொண்டது என அவர் விளக்கினார். இழந்த கையின் வரைபடம் மூளையில் பெரிதும் அழியாமலே நிற்கிறது என்பது பின்வந்த ஆய்வாளர் சிலரின் முடிபு. வெட்டுண்ட நரம்பு முனைகளும் வலியைத் தூண்டுவதுண்டு.

இராமச்சந்திரன் கண்ட சிகிச்சை மிக எளியது. நிலைக்கண்ணாடி ஒன்றை நடுவில் நிறுத்தி, நல்ல கையை அதன்முன் அசைக்கவேண்டும். இழந்த கையே மீண்டு வந்து அசைவதுபோல் பிம்பம் தோன்றும். இறுகிக் கிடந்த மாயக் கை விரிவதாகச் சிலர் உணர்ந்தனர், வலியும் தணிந்தது. காலிழந்த அமெரிக்க வீரர் 22 பேரிடம் நடந்த ஆய்வு 2007இல் வெளிவந்தது. அதில் 4 வாரம் கண்ணாடிப் பயிற்சி பெற்ற குழுவினர் அனைவருக்கும் வலி குறைந்தது. ஆயினும் அது சிறிய ஆய்வே. எல்லோர்க்கும் இப்பயிற்சி பலனளிப்பதில்லை. நரம்பு வலிக்குரிய மருந்துகளும், முனை நரம்புகளைச் சீர்செய்யும் அறுவையும் பிற வழிகளாம். எதனையும் மருத்துவர் துணையோடு மேற்கொள்வதே முறை.

ஸ்ரீமுஷ்ணம் வட்டாரத்துச் சிற்றூர்களிலும் நீரிழிவால் கால் இழந்த பெரியோரை நாம் காண்கிறோம். ‘இல்லாத கால் எப்படி வலிக்கும்?’ என்று அவர்களிடம் வினவுதல் வேண்டா. கால்தான் இல்லை, வலி மெய்யே. அதனை நம்புவதே நாம் செய்யத்தக்க முதல் மருத்துவம்.