கடலூர் முடிச்சு

கடலூருக்குப் போட்ட முடிச்சு கள்ளக்குறிச்சிக்கும் பொருந்தும். எப்படி என்று அறிய, நிலவில்லாத இரவில் கல்வராயன் மலையில் வடதிசை மறைக்காத மேடொன்றில் நின்று துருவ நட்சத்திரத்தைத் தேடுங்கள். அடிவானத்திலிருந்து ஏறக்குறைய 12 பாகை உயரத்தில் இருக்கும். நீட்டிய கையில் மடக்கிய முட்டியும் அதன்மேல் ஒரு விரலும் வைத்த உயரம் அது. வடக்கே போகப் போக அது மேலேறும். தெற்கே வரவரத் தாழும். ஓர் ஊரில் அதன் உயரம்தான் ஏறத்தாழ அந்த ஊரின் அட்சரேகை.

சோழமண்டலக் கடலோடிகள் இதை அளந்த கருவி ராப்பலகை. சிறு மரப்பலகை, நடுவில் துளை, அதில் கோத்த கயிறு, துறைக்கு ஒன்றாக முடிச்சுகள். முடிச்சைப் பல்லில் கடித்து, கயிறு விறைக்கப் பலகையை முன்னே நீட்டுவார்கள். கீழ்விளிம்பு அடிவானத்தையும் மேல்விளிம்பு துருவத்தையும் தொட்டால், அந்த முடிச்சுக்குரிய துறைக்கு நேராக வந்தாயிற்று. விண்மீன் பலகைக்கு மேலே தெரிந்தால் வடக்கே விலகியிருக்கிறோம். உயரம் மாறாமல் மேற்கே ஓட்டினால் கரை. கள்ளக்குறிச்சி, கடலூர், கடலுக்கு அப்பால் சுமார் 1,400 கிலோமீட்டரில் ஸ்ரீ விஜயபுரம் (முன்பு போர்ட் பிளேர்) மூன்றும் கிட்டத்தட்ட ஒரே அட்சரேகை. மூன்றுக்கும் ஒரே முடிச்சு போதும்.

மறையவிருந்த இத்தகைய அறிவைப் பசிபிக் தீவு மக்கள் மீட்டுவிட்டார்கள். 1976-இல் சதவால் தீவின் மாவ் பியாயிலுக், ஹோகுலேயா என்ற இரட்டை ஓடத்தைத் திசைகாட்டிகூட இல்லாமல் ஹவாயிலிருந்து தாஹிட்டிக்குச் செலுத்தினார். விண்மீனும் அலையும் பறவையுமே வழி சொல்லின. 1980-இல் ஹவாய்க்காரரான நைனோவா தாம்சன் அதே வழியில் போய்த் திரும்பினார். ஹோகுலேயா என்பது நம் சுவாதி நட்சத்திரத்தின் ஹவாய்ப் பெயர். அத்தகைய இரட்டை ஓடத்தை உலகம் கேட்டமரான் என்கிறது. நம் கட்டுமரத்திலிருந்து போன சொல்.

கயிற்றால் பலகைகளைத் தைத்துக் கட்டிய கௌண்டின்யா என்ற கப்பல் 2025-இல் இந்தியக் கடற்படையில் சேர்ந்தது. பழைய கப்பல் திரும்பிவிட்டது. வழி பார்க்கும் கண்ணும் திரும்ப வேண்டும். அதற்குப் பள்ளிக்கூடமே போதும். 6 சென்டிமீட்டர் உயர அட்டையில் கயிறு கோத்து, சுமார் 29 சென்டிமீட்டரில் முடிச்சிடுங்கள், அது கள்ளக்குறிச்சி. 26-இல் போட்டால் சென்னை, 42-இல் கன்னியாகுமரி. அடுத்த சுற்றுலாவில் அந்தக் கயிறு பிள்ளைகளின் பையில் இருக்கட்டும். கன்னியாகுமரி இரவில் தன் ஊர் முடிச்சைக் கடித்துப் பார்க்கும் பிள்ளைக்கு, துருவம் அட்டைக்குப் பின்னே மறைந்திருக்கும். எவ்வளவு தெற்கே வந்திருக்கிறோம் என்பதை அன்று வானமே சொல்லும்.