தள்ளிப்போடக் கூடாத சந்திப்புகள்

பணி ஓய்வுக்குப் பிறகு செய்ய வேண்டியவை என்று ஒரு பட்டியல் வைத்திருந்தேன். அதில் முதலிடத்தில் இருந்தது, கும்பகோணத்தில் வசித்த என் பழைய நண்பரின் வீட்டுக்குச் சென்று இரண்டு நாள்கள் தங்கிவிட்டு வருவது. வங்கிப் பணியில் சேர்ந்த புதிதில் இருவரும் நான்கு ஆண்டுகள் ஒரே அறையில் தங்கியிருந்தோம். பின்னர் இடமாறுதல்கள், திருமணம், குழந்தைகள், வீட்டுக் கடன் என்று காலம் ஓடியது. தொலைபேசியில் பேசும்போதெல்லாம் 'அடுத்த மாதம் கட்டாயம் வருகிறேன்' என்பேன். 'எப்போது வேண்டுமானாலும் வா' என்பார் அவர்.

ஓய்வு பெற்ற நான்காவது மாதம், ஒரு காலை வேளையில், வாட்ஸ்ஆப் குழுவில் அவருடைய புகைப்படத்தை ஒருவர் பகிர்ந்திருந்தார். படத்தின் கீழே இறுதிச் சடங்கு நடைபெறும் நேரம் குறிப்பிடப்பட்டிருந்தது. அந்த வீட்டின் படியை நான் முதன்முதலாக ஏறியது அன்றைக்குத்தான்.

திருச்சியிலிருந்து கும்பகோணம் ஏறத்தாழ மூன்று மணி நேரப் பேருந்துப் பயணம். அவரைச் சென்று காண எனக்கு எந்தத் தடையும் இருக்கவில்லை. வங்கியில் ஒரு தவணை தவறினால் மறுவாரமே அறிவிப்பு வந்துவிடும். நட்பில் எத்தனை தவணை தவறினாலும் யாரும் அறிவிப்பு அனுப்புவதில்லை. ஆகவே, அதைத் தள்ளிப்போடலாம் என்று நினைத்துவிட்டேன்.

மகிழ்ச்சியான வாழ்வு குறித்து நம்மில் பலரிடமும் ஒரு கணக்கு இருக்கிறது. நல்ல வேலை, சொந்த வீடு, பிள்ளைகளின் படிப்பு, அவர்களின் திருமணம். இவையெல்லாம் முடிந்த பிறகு நிம்மதியாக இருக்கலாம் என்பதே அந்தக் கணக்கு. அதைத் தவறு என்று ஒதுக்கிவிட முடியாது. மாத வாடகைக்குத் தவிப்பவரிடம் பணத்தால் மகிழ்ச்சி வராது என்று உபதேசிப்பது அறமாகாது. ஆனால், இந்தக் கணக்கில் மனிதர்களுக்கென்று ஒதுக்கீடு ஏதும் இல்லை. அவர்கள் எப்போதும் இருப்பார்கள் என்று எண்ணிக்கொள்கிறோம்.

இது வெறும் உணர்ச்சிவயப்பட்ட பேச்சன்று என்பதை எனக்கு உணர்த்தியது, அமெரிக்காவின் ஹார்வர்டு பல்கலைக்கழகம் சார்ந்த நீண்டகால ஆய்வு ஒன்று. 1938-இல் தொடங்கிய அந்த ஆய்வில் இரு பிரிவினர் இடம்பெற்றனர். ஒரு பிரிவினர் ஹார்வர்டில் பயின்ற 268 மாணவர்கள். மற்றொரு பிரிவினர் பாஸ்டன் நகரின் ஏழ்மையான பகுதிகளில் வாழ்ந்த 456 சிறுவர்கள். மொத்தம் 724 பேர். இவர்களின் வாழ்க்கையைப் பல தலைமுறை ஆய்வாளர்கள் தொடர்ந்து கவனித்து வந்தனர். குறிப்பிட்ட கால இடைவெளியில் வினாத்தாள்கள் அனுப்பினர். மருத்துவப் பதிவேடுகளை ஆராய்ந்தனர். ரத்தப் பரிசோதனை செய்தனர். வீடு தேடிச் சென்று பேசினர். பின்னாளில் அவர்களுடைய மனைவியரும் பிள்ளைகளும் ஆய்வில் சேர்க்கப்பட்டனர்.

இளமையில் அவர்களிடம் கேட்டிருந்தால் பணத்தையும் புகழையும் சொல்லியிருப்பார்கள். ஆய்வு காட்டியதோ வேறு. ஐம்பது வயதில் தம் உறவுகளில் நிறைவோடு இருந்தவர்களே எண்பது வயதில் ஆரோக்கியமாக இருந்தனர். முதுமையின் உடல்நலத்தை முன்கூட்டிக் கணிப்பதில், நடுவயதின் கொழுப்பு அளவைவிட உறவுகளின் தரம் நம்பகமான அளவுகோலாக இருந்தது என்று ஆய்வின் நான்காவது இயக்குநரான மனநல மருத்துவர் ராபர்ட் வால்டிங்கர் கூறியிருக்கிறார்.

இந்த ஆய்வுக்கு வரம்புகள் உண்டு. தொடக்கத்தில் பங்கேற்றவர்கள் அனைவரும் அமெரிக்க வெள்ளையின ஆண்கள். உடல்நலம் உள்ளவர்களுக்கு நட்பு எளிதாகக் கிடைக்கிறதா, நட்பு உள்ளவர்களுக்கு உடல்நலம் கிடைக்கிறதா என்ற கேள்வியும் எழுகிறது. இரண்டிலும் உண்மை இருக்கக்கூடும். ஆனால், பிற நாடுகளில் நடந்த பல ஆய்வுகளும் இதே திசையைத்தான் சுட்டுகின்றன.

இதற்கான காரணத்தைப் புரிந்துகொள்வது கடினமன்று. அலுவலகத்தில் ஓர் அவமானம் நேர்கிறது. இதயத் துடிப்பு அதிகரிக்கிறது. உடலில் அழுத்தத்துக்கான ஹார்மோன்கள் சுரக்கின்றன. வீட்டுக்கு வந்து மனைவியிடமோ நண்பரிடமோ அதைக் கொட்டித் தீர்த்துவிட்டால், உடல் மெல்ல இயல்பு நிலைக்குத் திரும்புகிறது. சொல்வதற்கு ஆளில்லாதவரின் உடல் அந்தப் பதற்றத்திலேயே நீடிக்கிறது. ஆண்டுக்கணக்கில் இது தொடரும்போது தூக்கமும் ரத்த அழுத்தமும் இதயமும் பாதிக்கப்படுகின்றன.

உலக சுகாதார நிறுவனம் 2025-இல் வெளியிட்ட அறிக்கையின்படி, உலகில் ஆறு பேரில் ஒருவர் தனிமை உணர்வால் பாதிக்கப்பட்டுள்ளார். ஆண்டுக்கு 8 லட்சத்து 71 ஆயிரத்துக்கும் மேற்பட்ட இறப்புகளுடன் தனிமைக்குத் தொடர்பிருப்பதாக அந்த அறிக்கை மதிப்பிடுகிறது. பிரிட்டன் 2018-லும் ஜப்பான் 2021-லும் இப்பிரச்னைக்கென அமைச்சர்களை நியமித்தன.

'இதெல்லாம் மேலைநாட்டுப் பிரச்னை. நமக்குக் குடும்பம் இருக்கிறது' என்று நாம் கருதக்கூடும். நானும் அப்படித்தான் கருதினேன். ஆனால், தெருவில் போவோர் அமர்ந்து பேசிய திண்ணைகள் இருந்த இடத்தில் இன்று இரும்புக் கதவுகள் நிற்கின்றன. அடுக்குமாடிக் குடியிருப்பில் எதிர் வீட்டுக்காரரின் பெயர் தெரிவதில்லை. பிள்ளைகள் வெளிநாட்டில் இருக்க, பெரிய வீட்டில் இருவர் மட்டும் வாழும் முதியோர் ஏராளம். அவ்விருவரில் ஒருவர் மறைந்த பிறகு எஞ்சியவரின் நிலையைச் சொல்ல வேண்டியதில்லை. நான்கு பேர் கூடியிருக்கும் கூடத்தில் நால்வரும் கைப்பேசியைப் பார்த்துக் கொண்டிருந்தால், அங்கும் தனிமை இருக்கிறது.

உண்மையான நட்புக்குச் சந்திப்பு தேவையில்லை என்று சொல்லி, கோப்பெருஞ்சோழனையும் பிசிராந்தையாரையும் நாம் துணைக்கு அழைப்பதுண்டு. ஒருவரையொருவர் காணாமலே நட்புக் கொண்டவர்கள் அவர்கள். நானும் பலமுறை இதை மேற்கோள் காட்டி என் சோம்பலை மறைத்திருக்கிறேன். ஆனால், சோழன் வடக்கிருந்தபோது, பிசிராந்தையார் வருவார் என்று அவருக்கும் ஓர் இடம் ஒதுக்கச் சொன்னான் என்பதையும், அவர் பாண்டிய நாட்டிலிருந்து புறப்பட்டு வந்தார் என்பதையும் சேர்த்துத்தானே சொல்ல வேண்டும்?

சரி, என்ன செய்வது? நான் கற்றுக்கொண்ட சிலவற்றைப் பகிர்ந்து கொள்கிறேன்.

முதலாவது, நீண்ட நாள்களாகப் பேசாத ஒருவரை அழைத்துப் பேசுவது. 'இத்தனை காலம் கழித்து எப்படி அழைப்பது, என்ன நினைப்பாரோ' என்ற தயக்கம் எல்லோருக்கும் வரும். 2022-இல் வெளியான ஓர் ஆய்வு, எதிர்பாராமல் தொடர்பு கொள்ளும்போது எதிரில் இருப்பவர் அடையும் மகிழ்ச்சியை நாம் குறைத்தே மதிப்பிடுகிறோம் என்று காட்டியது. என் அனுபவமும் அதுவே. பதினைந்து ஆண்டுகளாகப் பேசாத ஒருவரை அண்மையில் அழைத்தேன். 'ஏன் இவ்வளவு நாளாக அழைக்கவில்லை' என்று அவர் கேட்கவில்லை. 'சாப்பிட்டாயா' என்றுதான் கேட்டார்.

இரண்டாவது, நட்புக்கென நேரத்தை நிலையாக ஒதுக்குவது. அறிமுகமான ஒருவர் நண்பராக மாறுவதற்கு எவ்வளவு நேரம் சேர்ந்து செலவிட வேண்டும் என்று கான்சாஸ் பல்கலைக்கழகப் பேராசிரியர் ஜெஃப்ரி ஹால் 2018-இல் ஆராய்ந்தார். சாதாரண நண்பராவதற்கு ஏறத்தாழ 50 மணி நேரம், நெருங்கிய நண்பராவதற்கு 200 மணி நேரத்துக்கு மேல் என்பது அவர் கண்டறிந்தது. இதைக் கறாரான கணக்காகக் கொள்ள வேண்டாம். ஆனால், 'நேரம் கிடைத்தால் பார்க்கலாம்' என்பவருக்கு அது கிடைப்பதே இல்லை. காலை நடைப்பயிற்சி, நூலகம், கோயில் உழவாரப் பணி, தேநீர்க் கடை என எதுவாயினும், வாரந்தோறும் அதே நாளில் அதே மனிதர்களைச் சந்திப்பது பயன் தரும். ஓய்வு பெறும் நாள் வரை இதற்காகக் காத்திருக்க வேண்டியதில்லை; காத்திருக்கவும் கூடாது.

மூன்றாவது, வீட்டில் ஒருவேளை உணவையேனும் கைப்பேசி இல்லாமல் உண்பது. மகனிடம் மதிப்பெண்ணைப் பற்றியும் மனைவியிடம் செலவைப் பற்றியும் மட்டுமே பேசி வந்தவன் நான். 'இன்று என்ன நடந்தது' என்று கேட்டுவிட்டு, அறிவுரை கூறாமல் கேட்டுக் கொண்டிருப்பது எனக்குப் பெரும் பயிற்சியாகவே இருந்தது. இன்றும் சில நாள்களில் தோற்கிறேன்.

நான்காவது, அறுந்துபோன ஓர் உறவையாவது ஒட்டவைக்க முயல்வது. திருக்குறளில் நட்பைச் சுற்றி ஐந்து அதிகாரங்கள் தொடர்ந்து வருகின்றன. அவற்றுள் 'பழைமை' என்பது 81-ஆவது அதிகாரம். நெடுநாள் பழகியவர் உரிமை எடுத்துக்கொண்டு செய்யும் பிழைகளைப் பொறுத்துக்கொள்வதையே அது பேசுகிறது. ஒரு சொத்துப் பிரிவினையிலோ, ஒரு திருமணத்துக்கு முறையாக அழைக்கவில்லை என்பதிலோ முறிந்த உறவுகள் நம் ஒவ்வொரு குடும்பத்திலும் உண்டு. எல்லா உறவையும் மீட்க முடியாது. துன்புறுத்தியவரிடம் மீண்டும் செல்ல வேண்டிய கட்டாயமும் இல்லை. ஆனால், காரணமே மறந்துபோன மனத்தாங்கல்களை இன்னும் சுமப்பதில் பொருளில்லை.

ஐந்தாவது, அன்றாடம் எதிர்ப்படும் மனிதர்களிடம் இரண்டு வார்த்தை பேசுவது. காபிக் கடை ஊழியரிடம் சிரித்துப் பேசியவர்கள், பேசாமல் வாங்கிச் சென்றவர்களைவிட மகிழ்ச்சியாக உணர்ந்தனர் என்று 2014-இல் வெளியான ஓர் ஆய்வு கூறுகிறது. பூக்காரம்மா, பேருந்து நடத்துநர், குடியிருப்பின் காவலாளி ஆகியோரின் நலம் விசாரிக்கச் செலவு ஏதுமில்லை.

இவை எல்லாத் துயரங்களுக்கும் மருந்தாகிவிடும் என்று நான் கூறமாட்டேன். வாரக்கணக்கில் தூக்கமின்மை, எதிலும் நாட்டமின்மை, வாழ்வே வேண்டாம் என்ற எண்ணம் இருந்தால் அது மருத்துவரின் உதவி தேவைப்படும் நிலை. மத்திய அரசின் 'டெலி மானஸ்' மனநலச் சேவையை 14416 என்ற கட்டணமில்லா எண்ணில் தமிழிலும் தொடர்பு கொள்ளலாம். அப்படி ஒருவர் தவிப்பதைக் கவனிக்கவும்கூட, அவருடன் அடிக்கடி பேசும் மனிதர் ஒருவர் தேவைப்படுகிறார்.

நண்பர் மறைந்து பதினாறாம் நாள் மீண்டும் கும்பகோணம் சென்றேன். அவருடைய மனைவி காபி கொடுத்துவிட்டு, மாடியறையைத் திறந்து காட்டினார். ஒரு கட்டில், புதிய விரிப்பு, ஒரு மேஜை விசிறி. 'நீங்கள் ஓய்வு பெற்றதும் வந்து தங்குவீர்கள் என்று ஏற்பாடு செய்து வைத்திருந்தார், அண்ணா' என்றார். என்னால் ஒன்றும் பேச முடியவில்லை.

இப்போது ஞாயிற்றுக்கிழமை காலையில், பழைய நாட்குறிப்பிலிருந்து ஒரு பெயரை எடுத்து அழைக்கிறேன். சில எண்கள் உபயோகத்தில் இல்லை. சிலர் இவ்வுலகிலேயே இல்லை. மற்றவர்கள் பேசுகிறார்கள். 'ஒருநாள் வாயேன்' என்று யாரேனும் சொன்னால், பேச்சை முடிப்பதற்குள் தேதியைக் குறித்துக்கொண்டு விடுகிறேன்.