புகுவழியும் மீள்வழியும்

சென்னைக்குத் தெற்கே, பல்லாவரத்திற்கு மேற்கில் அமைந்தது எங்கள் ஊராகிய திருநீர்மலை. முன்னாளில் திருமங்கையாழ்வார் இத்தலத்தை வழிபட வந்தபோது மலையை நாற்புறமும் வெள்ளம் சூழ்ந்திருந்தது என்றும், அவர் ஆறு திங்கள் காத்திருந்து, நீர் வடிந்தபின் மலையேறி இறைவனைக் கண்டார் என்றும் தலவரலாறு கூறும். அந்நீர் ஆழ்வாரைத் தடுத்தது; ஆயினும் ஏமாற்றவில்லை. 'இங்கே வழியில்லை' என்பதை அது வெளிப்படையாகக் காட்டிற்று. ஆனால், வழி திறந்திருப்பதுபோலத் தோன்றி, உட்புகுந்தவரை மீளவொட்டாமல் மயக்கும் அமைப்புகளும் உலகில் உண்டு. மாணவர்களே! அவற்றின் இயல்பை இப்பாடத்தில் காண்போம்.

அவ்வமைப்புகள் இருவகைப்படும். ஒன்று சுழல்வழி, மற்றொன்று சிக்கல்வழி. சுழல்வழியில் பாதை ஒன்றே. அது வளைந்து வளைந்து சென்று நடுவிடத்தை அடையும். கிளைவழி அதில் இல்லை. சிக்கல்வழியிலோ பாதைகள் பலவாகக் கிளைக்கும். அவற்றுட் சில முட்டுச்சந்தாய் முடியும். சில புறப்பட்ட இடத்திற்கே கொண்டுவந்து சேர்க்கும்.

சுழல்வழிகள் நம் தமிழ்நாட்டிலும் உள்ளன. தருமபுரி மாவட்டத்துக் கம்பைநல்லூருக்கு அருகே கற்களை வரிசையாகப் பதித்து அமைத்த சுழல்வழி ஒன்றனை மக்கள் 'ஏழு சுற்றுக் கோட்டை' என வழங்குவர். பொள்ளாச்சிக்கு அருகே கெடிமேட்டில் உள்ளது சதுர வடிவினது. அதன் ஒவ்வொரு பக்கமும் ஏறத்தாழ 56 அடி. தமிழகத்தில் வாயிற்கோலமாக இட்டும் பச்சைகுத்தியும் வந்த இத்தகைய வடிவங்களைப் பற்றி ஆங்கில அறிஞர் சான் லேயார்டு 1937ஆம் ஆண்டிலேயே கட்டுரை எழுதினார். கடல் கடந்து, கிரேக்க நாட்டுப் பைலோசு அரண்மனையில் கிடைத்த, ஏறத்தாழ 3200 ஆண்டுகட்கு முற்பட்ட களிமண் பலகை ஒன்றிலும் ஏழு சுற்றுச் சுழல்வழி கீறப்பட்டுள்ளது.

கோலமிடத் தெரிந்தவர்க்கு இவ்வடிவம் எளிதாகும். நடுவே பெரியதொரு கூட்டற்குறி இடுக. அதனால் உண்டாகும் நான்கு பகுதிகளிலும், மூலை நடுவை நோக்கவும் கைகள் வெளியே நீளவும், ஒவ்வொரு கோணக்கோடு வரைக. அவற்றிற்கு அப்பால், நான்கு மூலைகளிலும் ஒவ்வொரு புள்ளி வைத்திடுக. இப்பொழுது கோட்டுமுனைகளும் புள்ளிகளுமாகச் சேர்ந்து 16 முனைகள் அமையும். கூட்டற்குறியின் மேல்முனையை அதற்கு வலப்புறத்து அடுத்த முனையோடு வளைகோட்டால் இணைத்திடுக. பின்பு இடப்புறத்து அடுத்த முனையை வலப்புறத்து அடுத்த முனையோடு, முதல் வளைவிற்கு மேலாக இணைத்திடுக. இவ்வாறே முறையாகச் சுற்றிவர 8 வளைவுகள் தோன்றும். அவற்றின் இடையே ஏழு சுற்றுப் பாதை பிறக்கும்.

அப்பாதையில் விரலை வைத்துச் சென்று பாருங்கள். சுற்றுகளை வெளியிலிருந்து எண்ணினால், முதலில் நாம் புகுவது மூன்றாம் சுற்று. பின்பு இரண்டாவது, முதலாவது என வெளிப்புறம் தள்ளப்படுவோம். அதன்பின் நான்காவது, அதிலிருந்து நடுவிடத்தை ஒட்டிய ஏழாவது. 'அடைந்துவிட்டோம்' என மகிழும்போது, ஆறாவது, ஐந்தாவது என மீண்டும் விலகுவோம். அந்த ஐந்தாம் சுற்றே நம்மை நடுவிடத்தில் சேர்க்கும். நெருங்கியபோது அடையவில்லை, விலகியபோது இழக்கவுமில்லை. இவ்வழியில் தோற்பவன் நடப்பதை நிறுத்தியவன் ஒருவனே.

அங்ஙனமாயின், சக்கரவியூகத்துள் அபிமன்யு மாண்டது எதனால்? கருநாடகத்து அளேபீட்டில், 12ஆம் நூற்றாண்டில் எழுந்த ஓய்சளேசுவரர் கோயிற் சுவரில், அவ்வியூகத்தைச் சிற்பிகள் சுழல்வழியாகவே செதுக்கியுள்ளனர். பாரதப் போரின் பதின்மூன்றாம் நாளில் துரோணர் வகுத்த அவ்வியூகத்தில் புகும் முறையை அபிமன்யு அறிந்திருந்தான். மீளும் முறையை அறிந்திலன். அவனைப் பின்தொடர்ந்த பாண்டவரைச் சயத்திரதன் தடுத்தான். திறந்த வழி அடைபட்டது. அவனுக்கு வீரம் குறைவில்லை. கல்விதான் பாதியில் நின்றது.

சிக்கல்வழிக்கு இலக்னோ நகரத்துப் பெரிய இமாம்பாடா சிறந்த சான்று. 1784ஆம் ஆண்டில், பஞ்சத்தால் வாடிய மக்களுக்கு வேலை கிடைக்குமாறு நவாபு ஆசப்-உத்-தௌலா அதன் கட்டட வேலையைத் தொடங்கினார். பெருமண்டபத்தின் மேற்பகுதியில் ஒன்றுபோலத் தோன்றும் குறுகிய வழிகளும் வாயில்களும் மிகப் பல உள்ளன. புதியவர் அங்கே திசை மயங்குவது இயல்பு.

அத்தகைய இடத்திலிருந்து மீள முறை உண்டா? உண்டு. சுவர்கள் யாவும் ஒன்றோடொன்று தொடர்ந்திருப்பின், புகும்போதே ஒரு கையைச் சுவரில் வைத்து, எடுக்காமல் நடந்தால் வாயிலை அடையலாம். எல்லாச் சிக்கல்வழிக்கும் பொருந்தும் முறையொன்றைப் பிரெஞ்சு நாட்டவரான டிரேமோ கண்டார். அதனைக் கணித அறிஞர் எதுவார் லூக்கா 1882ஆம் ஆண்டில் வெளியிட்டார். நடக்கும் பாதைதோறும் குறியிடுக. புதிய சந்தியில், நடவாத பாதையைத் தெரிந்து செல்லுக. முட்டுச்சந்து வரினும், புதிய பாதை பழைய சந்தியில் கொண்டுவந்து விடினும், வந்த வழியே திரும்புக. அவ்வாறு திரும்பி வந்த சந்தியில் நடவாத பாதை இருப்பின் அதிற் செல்லுக. இல்லையேல் ஒரு குறியுள்ள பாதையை மேற்கொள்ளுக. இரு குறியுள்ள பாதையில் ஒருபோதும் புகாதொழிக. எப்பாதையிலும் இருமுறைக்கு மேல் நடக்க நேராமையால், அலைச்சலுக்கு ஓர் எல்லை உண்டாகிறது. வெளிவாயில் உளதாயின் அது அகப்பட்டே தீரும்.

இம்முறையின் உயிர்நாடி யாது? தவறிச் சென்ற வழியையும் மறைக்காமல் குறித்துவைத்தலே. பிழையாகச் செய்த கணக்கை நாணத்தால் அழித்துவிடும் மாணவன், எங்கே தவறினோம் என்பதை அறியாமல் மறுநாளும் அங்கேயே தவறுவான். பிழைத்த இடத்தில் குறியிட்டு வைத்தவனோ மறுமுறை அவ்வழியில் புகான். மீள முடியாத வழி என்று நாம் அஞ்சுவதில் பெரும்பகுதி, குறியிடாமல் நடந்த வழியே ஆகும்.