டிஸ்டோமர்னா என்ன?

இன்னைக்கு வார்த்தை: டிஸ்டோமர்.

உங்க ரெண்டு கையையும் பாருங்க. அமைப்பு ஒண்ணுதான், ஆனா இடது கை கிளவுஸ் வலது கைக்குச் சேராது. சில மருந்து மூலக்கூறுகளும் அப்படித்தான். ஒரே அணுக்கள், ஒரே இணைப்பு, ஆனா கண்ணாடி பிம்பம் மாதிரி ரெண்டு வடிவம். உடம்புல இருக்கிற ரிசெப்டார்தான் கிளவுஸ். அதுல நல்லாப் பொருந்தி வேலை செய்யற வடிவம் யூடோமர். அவ்வளவா பொருந்தாதது டிஸ்டோமர்.

தும்மலுக்குப் போடுற செட்டிரிசின்ல ரெண்டும் பாதிப் பாதி. யூடோமரை மட்டும் எடுத்தா லெவோசெட்டிரிசின். அதனாலதான் 10 மில்லிகிராம் வேலையை 5 மில்லிகிராம் செய்யுது.

அப்போ டிஸ்டோமர்னா வேஸ்ட்டா? இல்லை. எந்த வேலைக்குங்கறதைப் பொறுத்துதான் இந்தப் பேரு. அமெரிக்காவுல 'டார்வான்'னு ஒரு வலி மாத்திரை இருந்துச்சு. அதோட கண்ணாடி பிம்பம் இருமல் மருந்தாச்சு. அதுக்கு வெச்ச பேரு, ஆங்கில எழுத்துகளை அப்படியே திருப்பிப் போட்ட 'நாவ்ராட்'!

பிரிச்சுட்டா எல்லாம் சரியாயிடும்னும் இல்லை. 1957ல் மேற்கு ஜெர்மனியில் விற்பனைக்கு வந்த தூக்க மருந்து தாலிடோமைட். கர்ப்பிணிகள் சாப்பிட்டதால ஆயிரக்கணக்கான குழந்தைகள் கை, கால் குறைபாட்டோட பிறந்தாங்க. அதுல ஒரு வடிவத்தை மட்டும் கொடுத்தாலும், உடம்புக்குள்ள அது இன்னொண்ணா மாறிடும்.

அதனால டிஸ்டோமரைப் பத்தி கேட்க வேண்டிய கேள்வி ரெண்டு: அது உடம்புல என்ன செய்யுது? பிரிச்சா பிரிஞ்சே இருக்குமா?