திரைக்குப் பின்னிருந்த பேனா

திரைப்படம் பார்த்து வெளிவருவோர் நடிகரைப் பாராட்டுவர். சிலர் இயக்குநரையும் நினைவு கூர்வர். கதையமைத்து உரையாடல் எழுதியவரை நினைப்போர் மிகச் சிலரே. அவ்வாறு திரைக்குப் பின்னே நின்றவர்களுள் ஒருவர் ஸ்பெயின் நாட்டு எழுத்தாளர் ரஃபாயேல் அஸ்கோனா.

அவர் 1926ஆம் ஆண்டு லொக்ரோனியோ நகரில் ஒரு தையற்காரரின் மகனாகப் பிறந்தார். 1951இல் தலைநகர் மாட்ரிடுக்குச் சென்று, 'லா கொடோர்னீஸ்' என்னும் நகைச்சுவை ஏட்டில் எழுதலானார். பிறந்த ஊரை விட்டுப் பெருநகரில் குடியிருக்க இடம் தேடும் துன்பம் நம்மிற் பலர் அறிந்ததே. அத்துன்பமே அவர் எழுத்துக்குக் கருப்பொருளாயிற்று. அவர் எழுதிய நாவல் ஒன்றை இத்தாலியரான மார்கோ பெர்ரேரி 'எல் பிஸீத்தோ' என்ற படமாக்கினார். வாடகை உரிமை தனக்கு வந்து சேர வேண்டும் என்பதற்காகவே, சாகுந் தறுவாயிலுள்ள கிழவியை மணக்கும் ஓர் ஏழையின் கதை அது.

1963இல் இயக்குநர் பெர்லாங்காவுடன் சேர்ந்து எழுதிய 'எல் வெர்துகோ' இதனினும் ஆழமானது. சவ அடக்க நிலையத்தில் வேலை செய்யும் இளைஞன் ஒருவன், மரண தண்டனை நிறைவேற்றும் அலுவலரின் மகளை மணக்கிறான். மாமனாருக்கு அரசாங்க வீடு ஒதுக்கப்படுகிறது. அவரோ ஓய்வு பெறவிருக்கிறார். வீடு கைவிட்டுப் போகாதிருக்க, மருமகன் அவ்வேலையை ஏற்றாக வேண்டும். ஒருவரையும் கொல்ல நேராது என்று நம்பி அவன் கையொப்பமிடுகிறான். இறுதியில் அழைப்பு வருகிறது. தண்டனை பெற்றவன் அமைதியாக நடந்து செல்ல, தண்டனை நிறைவேற்ற வேண்டியவனைக் காவலர் இழுத்துச் செல்கின்றனர்!

சர்வாதிகாரி பிராங்கோ ஆண்ட காலம் அது. வெனிஸ் விழாவில் படம் திரையிடப்பட்டபோது, ரோமாபுரியிலிருந்த ஸ்பெயின் தூதர் கடுமையாக எதிர்த்தார். தணிக்கையாளர் சில பகுதிகளை வெட்டினர். ஆயினும் கதையின் உயிரை வெட்ட அவர்களால் இயலவில்லை. ஏனெனில், அதில் ஆட்சியைத் தூற்றும் வசனம் எதுவுமில்லை. வீடு வேண்டி நிற்கும் ஓர் எளிய மனிதனே இருந்தான். தீயவனல்லாத ஒருவனைத் தேவை எவ்வாறு படிப்படியாகக் கொலைக்களம் வரை கொண்டு செல்கிறது என்பதைச் சிரிப்பினூடே காட்டியதே அஸ்கோனாவின் திறம்.

பிராங்கோ 1975இல் மறைந்தார். 1978ஆம் ஆண்டின் அரசியலமைப்பு, போர்க்காலம் நீங்கலாக மரண தண்டனையை ஒழித்தது. அஸ்கோனா திரைக்கதை எழுதிய 'பெல் எபோக்' என்னும் படம், சிறந்த அயல்மொழிப் படத்துக்கான ஆஸ்கார் பரிசை 1994இல் பெற்றது. 2008இல் அவர் மாட்ரிடில் காலமானார்.

இனி நல்ல படம் ஒன்றைக் காணும்போது, எழுதியவர் யார் என்றும் ஒரு கணம் நோக்குவோமாக.