டச்சுக் கப்பல்களை எதிர்த்த டச்சுக் கேமரா

மாமல்லபுரத்திற்குத் தெற்கே, கல்பாக்கத்தை அடுத்த சதுரங்கப்பட்டினத்தில் சிதைந்து நிற்கும் செங்கல் கோட்டை, ஒல்லாந்தர் என்று நம் முன்னோர் அழைத்த டச்சுக்காரர்கள் இவ்வட்டார நெசவுத் துணிகளைக் கப்பலேற்றிய காலத்தின் எச்சமாகும். சோழமண்டலக் கரையிலிருந்து சென்ற துணியில் கணிசமான பங்கு இந்தோனேசியத் தீவுகளை அடைந்து, கிராம்புக்கும் சாதிக்காய்க்கும் ஈடாகக் கைமாறியது. 1824ஆம் ஆண்டு உடன்படிக்கையால் இக்கரையை ஆங்கிலேயரிடம் விட்டுவிட்ட அவர்கள், அத்தீவுகளை மட்டும் மேலும் ஒரு நூற்றாண்டுக்கு மேல் விடாது பற்றியிருந்தனர். அந்தப் பிடி தளர்ந்ததைப் படமாக்கியவரும் ஒரு டச்சுக்காரரே.

அவர் யோரிஸ் ஈவன்ஸ். 1898இல் நைமேகன் நகரில், புகைப்படக் கருவி வணிகரின் மகனாகப் பிறந்து, பதின்மூன்று வயதிலேயே வீட்டாரை நடிக்கவைத்துப் படமெடுத்தவர். 1929இல் வெளிவந்த 'மழை' படத்தில், ஆம்ஸ்டர்டாம் தெருக்களில் முதல் துளி விழுவதிலிருந்து மழை ஓய்வது வரை ஒரே பொழுதில் நிகழ்வதுபோல் தோன்றினாலும், அது பல மாதங்களாகச் சேர்த்த காட்சிகளின் தொகுப்பு. ஸ்பானிய உள்நாட்டுப் போரைப் பற்றி 1937இல் அவர் எடுத்த படத்திற்கு ஹெமிங்வே உரை எழுதினார்.

1944இல் டச்சு அரசு அவரைக் கிழக்கிந்தியத் தீவுகள் எனப்பட்ட இந்தோனேசியாவின் திரைப்பட ஆணையராக நியமித்தது. மறு ஆண்டு இந்தோனேசியா விடுதலையை அறிவித்தபோது, அதை மீண்டும் பிடிக்கச் செல்லவிருந்த டச்சுக் கப்பல்களில் சரக்கேற்ற ஆஸ்திரேலியத் துறைமுகத் தொழிலாளர் மறுத்தனர். லஸ்கர்கள் எனப்பட்ட இந்தியக் கடலோடிகளும் அக்கப்பல்களில் வேலை செய்ய மறுத்தனர். ஈவன்ஸ் பதவியைத் துறந்து, சிட்னியில் 'இந்தோனேசியா அழைக்கிறது' என்ற 22 நிமிடப் படத்தை 1946இல் முடித்தார். துறைமுகத்தை விட்டு நகர்ந்துவிட்ட கப்பலை ஒரு சிறு படகு துரத்திச் செல்ல, அதிலிருந்து ஒலிபெருக்கிக் குழலில் கப்பலிலுள்ள இந்திய மாலுமிகளைப் போராட்டத்தில் சேருமாறு கூவியழைக்கும் காட்சியே அதன் உச்சம். நிகழ்ந்ததை மீண்டும் நடித்துக்காட்டிப் பதிவுசெய்த காட்சி அது. நடப்பை நடந்தபடி காட்டுவதே ஆவணப்படம் என்போர்க்கு இது உறுத்தலாம், எனினும் நடித்தவர்களில் பலர் அப்போராட்டத்தில் நின்றவர்களே என்பதால், அதன் சான்று மதிப்பு குறைந்துவிடுவதில்லை.

தாய்நாடு இதை எளிதில் மன்னிக்கவில்லை. கடவுச்சீட்டு பெறுவதிலேயே அவருக்கு இடையூறுகள் நேர்ந்தன. 1985இல்தான் டச்சு அமைச்சர் ஒருவர் விருதளித்து மனக்கசப்பை நீக்கினார். 1989இல் ஈவன்ஸ் பாரிஸில் மறைந்தபின், அவர் பெயரில் நைமேகனில் அமைந்த அறக்கட்டளை அவர் படைப்புகளைப் பேணும் பணியை ஏற்றது. 2008இல் அவருடைய படங்களின் டிவிடித் தொகுப்பும் வெளிவந்தது. ஒரு காலத்தில் அரசுக்கு உவப்பில்லாதிருந்த படச்சுருள் இப்போது அந்நாட்டின் பண்பாட்டுச் சொத்தாக எண்ணப்படுகிறது.

சதுரங்கப்பட்டினத்துக் கல்லறைகளில் டச்சு வணிகர்களின் பெயர்களும் குலச்சின்னங்களும் ஆழமாகச் செதுக்கப்பட்டுள்ளன, முகங்கள் இல்லை. சிட்னிப் படத்திலோ இந்திய மாலுமிகளின் முகங்கள் தெளிவாகத் தெரிகின்றன. அவர்களில் பெரும்பாலோர்க்குப் பெயர் இல்லை.